கட்டிய பணமும் கையில் உள்ள சீட்டும்

சில ஆண்டுகளுக்கு முன் ஒரு திங்கட்கிழமை காலை, என் வகுப்பு மாணவன் ஒருவன் மடித்த கடிதம் ஒன்றை என் மேசைமேல் வைத்தான். "சார், அப்பா இதைப் படிச்சுச் சொல்லச் சொன்னாரு" என்றான். கடிதம் மலாய் மொழியில் இருந்தது. மேலே மாஜிஸ்திரேட் நீதிமன்றத்தின் முத்திரை.

பையனின் தகப்பனார் செம்பனைக் குலை வெட்டுபவர். பட்டணத்துக் கடை ஒன்றில் தவணைக்குத் தளவாடம் வாங்கிப் பாக்கி வைத்துவிட்டார். கடைக்காரர் வழக்குப் போட்டார். "கோர்ட்டு வாசல் நமக்கெதற்கு?" என்று இவர் போகவில்லை. அவர் இல்லாமலே 4,000 வெள்ளிக்குத் தீர்ப்பாகிவிட்டது. பிறகு பயந்துபோய்க் கடைக்காரரை நேரில் கண்டு பேசி, மாதம் 200 வெள்ளியாக 14 மாதம் கட்டினார். ஐந்து மாதம் வங்கி வழியாக. ஒன்பது மாதம் சம்பள நாளன்று கையிலேயே. ஆக 2,800 வெள்ளி.

அதற்குள் கடைக்காரர் நோயில் விழுந்து பேச்சிழந்தார். கடையைப் பார்த்துக்கொள்ள வந்த மகனுக்குத் தெரிந்ததெல்லாம் தீர்ப்புத் தாள் மட்டும்தான். முழு 4,000 வெள்ளிக்கும் ஜப்தி கேட்டு மனுச் செய்துவிட்டார்.

அன்று மாலை லயத்து வீட்டுக்குப் போனேன். வங்கிச் சீட்டுகள் ஐந்தும் சாமிப் படத்தின் பின்னால் பத்திரமாக இருந்தன. அந்த 1,000 வெள்ளியைக் கடைக்காரரின் மகன் மறுபேச்சின்றி ஏற்றுக்கொண்டார். மற்ற 1,800 வெள்ளிக்கு? "ஐயா, சாமி சத்தியமாகக் கட்டினேன்" என்றார் தகப்பனார். நான் நம்பினேன். ஆனால் என் நம்பிக்கை ரசீது ஆகாதே! வழக்காட வசதியில்லாமல், அந்த 1,800 வெள்ளியை அவர் இரண்டாம் முறையும் கட்டினார்.

நேயர்களே, தீர்ப்பு என்பது நீதிமன்றத்தின் பதிவேட்டில் இருப்பது. நீங்கள் கடையில் கொடுக்கும் பணம் அந்தப் பதிவேட்டுக்குத் தானாகத் தெரியாது. கட்டிவிட்டேன் என்று சொல்பவர்தான் அதை மெய்ப்பிக்க வேண்டும்.

தீர்ப்புப் பெற்றவர் பணத்தை வசூலிக்கப் பல வழிகள் உண்டு. பைலிஃப் வந்து வீட்டுப் பொருளைப் பட்டியலிட்டு ஏலம் போடச் செய்யலாம். வங்கிக் கணக்கில் உள்ள பணத்தைப் பிடிக்க ஆணை கேட்கலாம். 1957ஆம் ஆண்டுக் கடனாளிகள் சட்டப்படி உங்களை நீதிமன்றத்துக்கு அழைத்து, வருமானம் என்ன, செலவு என்ன என்று விசாரிக்கச் செய்யலாம். சேமநிதி வாரியத்தில் இருக்கும் உங்கள் பணத்தை மட்டும் இப்படிப் பிடிக்க முடியாது.

நாள் கடந்தால் கடன் மறைந்துவிடும் என்றும் எண்ணாதீர்கள். 1953ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டப்படி ஒரு தீர்ப்புக்கு 12 ஆண்டு உயிர் உண்டு. ஆறாண்டு கடந்தால் ஜப்திக்கு முதலில் நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும், அவ்வளவுதான். வட்டியும் ஏறும். ஆண்டுக்கு 5 விழுக்காடு என்றால், 4,000 வெள்ளிக்கு 200 வெள்ளி. ஒரு மாதத் தவணை வட்டிக்கே போய்விடும்.

ஆகவே என்ன செய்யலாம்?

முதலாவது, சம்மன் வந்தால் போங்கள். கடிதத்தில் 'பெங்ஹாக்கிமான்' என்ற சொல்லைக் கண்டால் அது தீர்ப்பைப் பற்றியது. கடனாளி விசாரணைக்கு அழைப்பு வந்தால் சம்பளச் சீட்டுடன் போய் உள்ள நிலையைச் சொல்லுங்கள். தாங்கக்கூடிய தவணையை நீதிமன்றமே விதிக்கலாம். போகாமல் ஒளிந்தால் கைது ஆணை பிறக்கவும் இடமுண்டு.

இரண்டாவது, பணத்தை வங்கி வழியாகவே கட்டுங்கள். கையில் கொடுத்தே தீரவேண்டுமென்றால், தேதி, தொகை, வழக்கு எண், வாங்கியவர் கையெழுத்து ஆகிய நான்கும் உள்ள ரசீது வாங்குங்கள். "நம்மாளுதானே, ரசீது எதற்கு?" என்று கேட்டால், "நம்மாளுக்கே எழுதிக் கொடுக்க என்ன தயக்கம்?" என்று மரியாதையாகக் கேளுங்கள்.

மூன்றாவது, தொகையைக் குறைத்துப் பேசி முடித்தால், "இத்துடன் முழுக் கடனும் தீர்ந்தது" என்று எழுத்தில் வாங்குங்கள். வாய்ப்பேச்சில் விட்ட தள்ளுபடி நாளை நினைவில் இராது. கடைசித் தவணை கட்டியதும் அந்தக் கடிதத்தின் நகல் ஒன்றை நீதிமன்றத்திலும் வழக்குக் கோப்பில் சேர்க்கச் சொல்லுங்கள்.

நான்காவது, கட்டிய பிறகும் பைலிஃப் வந்தால் சண்டை போடாதீர்கள். தீர்ப்புக்குப் பின் நடந்ததைக் காட்டி, ஜப்தியை நிறுத்திவைக்கக் கேட்கச் சட்டத்தில் இடமுண்டு. ரசீதுகளை எடுத்துக்கொண்டு அன்றைக்கே நீதிமன்ற அலுவலகத்துக்கோ, அரசாங்கத்தின் சட்ட உதவித் துறையான 'ஜபாத்தான் பந்துவான் குவாமான்' அலுவலகத்துக்கோ செல்லுங்கள்.

பெற்றோர்களே, ஒரு பழைய பிஸ்கட் டின்னை எடுத்து அதில் கடன் தாள்களை மட்டும் தேதி வாரியாக அடுக்கி வையுங்கள். படிக்கத் தெரிந்த பிள்ளையை மாதம் ஒருமுறை வாசித்துக் கூட்டச் சொல்லுங்கள். பிள்ளைக்கும் கணக்குப் பாடமாகும்.

அந்த மாணவன் வீட்டில் இப்போது அப்படியொரு டின் இருக்கிறது. குலை வெட்டிச் சேர்த்த 1,800 வெள்ளியைக் கொடுத்து அவர்கள் கற்ற பாடத்தை, நீங்கள் காசில்லாமல் கற்றுக்கொள்ள வேண்டும் என்பதே என் விருப்பம்.