கண்ணில் சதை வளர்ந்தால்

(பலாங்கொடைப் பகுதித் தோட்டமொன்றின் பிள்ளை மடுவத்தில் நலன்புரி உத்தியோகத்தர் நிகழ்த்திய பேச்சு)

 

கொழுந்து நிறுக்கிற நேரத்தில் உங்கள் முகத்தைக் கிட்ட நின்று பார்க்கிறவர்கள் நாங்கள். பலருடைய கண்ணில், மூக்குப் பக்கத்து மூலையிலிருந்து, இளஞ்சிவப்பாய் ஒரு சதை கறுப்பு விழியை நோக்கி வளர்ந்திருப்பதைக் காண்கிறோம். கேட்டால், "அது சும்மா சதைங்க ஐயா" என்கிறார்கள் சிலர். வேறு சிலர் புற்றுநோயாக இருக்குமோ என்று பயந்து, அந்தப் பயத்திலேயே ஒருவருக்கும் காட்டாமல் இருக்கிறார்கள். இந்த இரண்டு பேருக்கும் சேர்த்துத்தான் பேச வந்தோம்.

வைத்தியர்கள் இதை டெரிஜியம் என்பார்கள். கிரேக்க மொழியில் சின்ன இறக்கை என்று அர்த்தம். கண்ணாடியில் பாருங்கள், ஈசல் இறக்கை போலத்தான் இருக்கும். கண் வெள்ளையை மூடியிருக்கிற மெல்லிய தோல் தடித்து, கறுப்பு விழியின் மேலே ஏறுகிறது. இது புற்றுநோய் அல்ல. ஒரே துவாயில் முகம் துடைப்பதால் மற்றவருக்குத் தொற்றவும் மாட்டாது. வெண்படலமும் இது அல்ல. வெண்படலம் கண்ணுக்கு உள்ளே வில்லையில் வருவது, இது வெளியே வளர்வது.

ஏன் நமக்கு அதிகம் வருகிறது? முக்கிய காரணம் வெயிலில் இருக்கிற ஊதாக் கடந்த கதிர். பூமத்திய ரேகைக்கு அண்மையில் இருக்கிற நாடுகளில் இந்தச் சதை அதிகம். பலாங்கொடை அந்த ரேகைக்கு வடக்கே ஆறரைப் பாகைதான். மலை உயர உயர அந்தக் கதிரும் கூடும். அதோடு காற்று, தூசி. கவ்வாத்து வெட்டின மலையில் ஒதுங்க நிழலும் இல்லை. மூக்குப் பக்கத்தில் மட்டும் ஏன் என்று கேட்பீர்கள். காதுப் பக்கத்திலிருந்து சாய்ந்து வருகிற வெளிச்சத்தைக் கறுப்பு விழியின் வளைவு பூதக்கண்ணாடி போலக் குவித்து அந்த மூலையில் விழுத்துகிறது. 1990களில் அவுஸ்திரேலியாவில் கோரோனியோ என்ற கண் வைத்தியர் இப்படி விளக்கினார்.

இப்போது எங்கள் தவறு ஒன்றைச் சொல்ல வேண்டும். பல வருஷத்துக்கு முன்பு கொழுந்தெடுக்கிற அக்கா ஒருவர் கண்ணைக் காட்டினார். "புற்றுநோய் இல்ல, பயப்படாதீங்க" என்று சொல்லி அனுப்பினோம். சொன்னது பொய்யில்லை. ஆனால் வளருதா என்று பார்த்துக்கொள்ளுங்கள், டாக்டரிடம் காட்டுங்கள் என்று நாங்கள் சொல்லவே இல்லை. அவர் நம்பிப் போய்விட்டார். பிறகு அவருடைய கூடையில் முத்தல் இலை கூடக் கூட வந்தது. கவனமில்லை என்று திட்டு வாங்கினார், நாங்களும் அப்படித்தான் நினைத்தோம். சதை கண்மணி வரை போயிருந்தது. ஒப்பரேசன் செய்து சதையை எடுத்தார்கள். ஆனால் நடுவில் வெள்ளைத் தழும்பு நின்றுவிட்டது. அந்தக் கண்ணில் பார்வை முழுதாய்த் திரும்பவில்லை. "அப்பவே சொல்லியிருக்கலாமே ஐயா" என்றார். பதில் சொல்ல எங்களிடம் ஒன்றும் இல்லை.

ஆகவே புற்றுநோய் இல்லை என்றால் ஒன்றுமே இல்லை என்று எடுக்காதீர்கள். சிறிதாய், வளராமல் நின்றால் பலருக்கு வெட்டத் தேவையில்லை. கண்ணீர் போன்ற சொட்டு மருந்தே போதும். ஆனால் கறுப்பு விழிக்குள் ஏறிக்கொண்டு போனாலோ, பார்வை மங்கினாலோ, ஓயாமல் சிவந்து அறுத்தாலோ தள்ளிப் போடக் கூடாது. கண்மணியை மூடாமலே சதை விழியை இழுத்து வளைத்து, எழுத்தை இரண்டாய்க் காட்டும். இன்னுமொன்று. இதே போலத் தோன்றுகிற, உண்மையாகவே புற்றான வளர்ச்சியும் அரிதாக உண்டு. டாக்டர் கருவியில் பார்த்தால்தான் பிரித்தறிவார். நாங்கள் பார்த்துச் சொல்வது போதாது.

நந்தியாவட்டைப் பூச்சாறு, தாய்ப்பால், தேன் எதுவும் இதைக் கரைக்காது. கண்ணைப் புண்ணாக்கலாம். அடுத்த லயத்து ஆளுக்குக் கொடுத்த சொட்டு மருந்தை வாங்கி விடாதீர்கள். ஸ்டீரோயிட் கலந்த மருந்தைக் கண்காணிப்பில்லாமல் நாட்கணக்காய் விட்டால் கண்ணுக்குள் அழுத்தம் கூடி, பார்வையே போகலாம்.

ஒப்பரேசன் என்றால் கண்ணைக் கழற்றி வெளியே வைப்பார்கள் என்று லயத்தில் ஒரு கதை ஓடுகிறது. சுத்தப் பொய்! கண்ணை மட்டும் விறைக்கச் செய்து, சதையை எடுத்து, பெரும்பாலும் அதே கண்ணின் மேலிமைக்குள் மறைந்திருக்கிற மெல்லிய தோலில் ஒரு சிறு துண்டை அங்கே ஒட்டுவார்கள். வெறுமனே வெட்டிவிட்டால் பலருக்குத் திரும்பவும் வளரும். ஒட்டினால் அது வெகுவாய்க் குறையும்.

வெயிலுக்கு அகன்ற ஓரத் தொப்பி நல்லது. தலைக்கயிற்றோடு எப்படிப் போடுவது என்று சிரிக்கிறீர்கள், நியாயந்தான். தலைத்துண்டையாவது தாழ்வாரம் போல நெற்றிக்கு முன்னுக்கு இழுத்துக் கட்டுங்கள். கண்ணாடி வாங்குகிற தம்பிமார் கறுப்பாக இருக்கிறதா என்று பார்க்காமல், யூ.வீ. 400 என்று போட்டிருக்கிறதா என்று பாருங்கள்.

டிஸ்பென்சரியில் துண்டு வாங்கிக்கொண்டு பலாங்கொடை ஆஸ்பத்திரிக்குப் போங்கள். இரத்தினபுரிக்கு அனுப்பினாலும் மறுக்காமல் போங்கள். அரசாங்க ஆஸ்பத்திரியில் வைத்தியத்துக்குக் காசில்லை. பேர் போயிரும் என்ற கவலை எங்களுக்கும் தெரியும். கிளினிக் திகதியை முன்கூட்டியே சொன்னால் வெளிக்களத்தில் நாங்கள் பேசுகிறோம். இப்போது யாருக்காவது கண்ணில் சதை இருந்தால் வெட்கப்படாமல் முன்னுக்கு வாங்க, பெயரை எழுதிக்கொள்வோம்.