சந்தனக்கட்டையோடு பிடிபட்ட வண்டி

வைக்கோலுக்கு அடியில் சந்தனக்கட்டை. ஜவ்வாது மலையடிவாரத்தில் வனத்துறை மடக்கிய லோடு வண்டி உங்களுடையது என்று வையுங்கள். "எனக்கு எதுவுமே தெரியாதுங்க" என்றால் விட்டுவிடுவார்களா? மாட்டார்கள்.

1882-ஆம் வருடத் தமிழ்நாடு வனச் சட்டப்படி, பறிமுதல் செய்யும் முன் உரிமையாளருக்கு நோட்டீஸ் தர வேண்டும். அதை அலமாரியில் செருகிவிடாதீர்கள்! உங்களுக்கும், உங்கள் ஏஜெண்டுக்கும், டிரைவருக்கும் கடத்தல் தெரியாது, தக்க முன்னெச்சரிக்கையும் எடுத்தோம் என்று நீங்கள்தான் நிரூபிக்க வேண்டும். டிரைவருக்குத் தெரிந்திருந்தால் உங்கள் பாடு திண்டாட்டம்தான். கடுமைதான், ஆனால் டிரைவர் மேல் பழியைப் போட்டுத் தப்பிய முதலாளிகளும் உண்டே! டிரிப் ஷீட், வாடகை ரசீது எல்லாம் இங்கேதான் கைகொடுக்கும்.

பறிமுதல் ஆணை வந்துவிட்டால், கையில் கிடைத்த 30 நாளுக்குள் மாவட்ட நீதிபதியிடம் மேல்முறையீடு செய்யலாம். குற்ற வழக்கில் விடுதலை கிடைத்தால் வண்டியும் தானாக வந்துவிடும் என்று காத்திருக்க வேண்டாம். பறிமுதல் நடவடிக்கை தனி, குற்ற வழக்கு தனி. நோட்டீஸ் வந்த அன்றைக்கே வக்கீலைப் பாருங்கள்.