அகத்திய விண்மீன்: பெயரும் பேரொளியும்

தாமிரபரணிக் கரையில் வாழ்வோர்க்கு அகத்தியர் என்ற பெயர் புதிதன்று. பொதிகையின் முடி அகத்தியமலை எனப்படுகிறது. பாபநாசத்தில் அகத்தியர் அருவி விழுகிறது. அதே பெயர் பூண்ட விண்மீன் ஒன்று தென்வானில் உண்டு. மேலை நாட்டார் அதனைக் கனோபஸ் என்பர். இரவு வானில் சிரியஸுக்கு அடுத்தபடியாக ஒளிமிக்க விண்மீன் இதுவே.

தை, மாசி மாதங்களில் பாளையங்கோட்டையில் இதனை எளிதிற் காணலாம். பிப்ரவரி நடுவில் இரவு ஒன்பது மணியளவில் சிரியஸ் உச்சிக்குச் சற்றுத் தெற்கே நிற்கும். அதற்கு நேர்கீழே, தென் அடிவானத்திலிருந்து ஏறத்தாழ 28 பாகை உயரத்தில் அகத்தியம் ஒளிரும். சென்னையில் அதன் உயரம் 24 பாகை. தில்லியில் 9 பாகைக்கும் குறைவு. வட அகலாங்கு 37 பாகைக்கு அப்பால் அது எழுவதே இல்லை. ஆகவே, ஐரோப்பாவின் பெரும்பகுதிக்கு இது காணாப் பொருள். தெற்கே இருப்போர்க்கோ உரிமைப் பொருள்.

இனி அதன் இயல்பைக் காண்போம். சிரியஸ் அண்டை வீட்டு விளக்கு; 8.6 ஒளியாண்டுத் தொலைவே உள்ளது. அகத்தியமோ ஏறத்தாழ 310 ஒளியாண்டுக்கு அப்பால் உள்ளது. நெடுங்காலம் அதன் தொலைவு உறுதியாகத் தெரியாதிருந்தது. நூறு ஒளியாண்டு என்றாரும் உளர், ஆயிரத்துக்கு மேல் என்றாரும் உளர். 1989-இல் ஏவப்பட்ட ஹிப்பார்க்கஸ் செயற்கைக்கோளின் அளவீடுகள் 1997-இல் வெளியான பின்னரே ஐயம் அகன்றது. இன்று கண்ணில் படும் அதன் ஒளி, வீரமாமுனிவர் தமிழகத்துக்கு வந்து சில ஆண்டுகளே ஆகியிருந்த காலத்தில் புறப்பட்டது எனலாம்.

இவ்வளவு தொலைவிலிருந்தும் இரண்டாமிடம் பெறுவதெனின் அதன் ஆற்றல் எத்தகையது! கதிரவனைப் போல் பத்தாயிரம் மடங்குக்கும் மேற்பட்ட ஒளியை அது பொழிகிறது. சிரியஸின் தொலைவில் அதனைக் கொண்டுவந்து வைத்தால், வெள்ளிக் கோளின் உச்ச ஒளியினும் இருபது மடங்குக்கு மேல் ஒளிர்ந்து, மண்ணில் நிழல் விழச் செய்யும்.

அதன் குறுக்களவு கதிரவனைப் போல் ஏறத்தாழ 70 மடங்கு. கதிரவன் இருக்கும் இடத்தில் அதனை இருத்தினால், புதன் கோள் செல்லும் பாதைவரை உள்ள இடைவெளியில் முக்காற் பங்குக்கு மேல் அதுவே நிறைத்துவிடும். ஆயினும் அதன் நிறை எட்டு முதல் பத்துக் கதிரவன்களின் அளவே. சிறிது பொருள் பெருவெளியில் பரந்து கிடப்பதால், அதன் சராசரி அடர்த்தி மூச்சுவிடும் காற்றினும் பன்மடங்கு குறைவு. மேற்பரப்பு வெப்பம் ஏறத்தாழ 7,100 செல்சியஸ் பாகை; கதிரவனுக்கு 5,500. ஆதலின் அது வெண்மையில் மெல்லிய மஞ்சள் சாயல் கொண்டது. பெருநிறை விண்மீன்கள் எரிபொருளை விரைந்து செலவிடுவன. கதிரவன் 460 கோடி ஆண்டுகள் வாழ்ந்தும் நடுவயதில் நிற்க, அகத்தியம் போன்றவற்றின் முழு ஆயுளே சில கோடி ஆண்டுகள்தாம்.

விண்கலங்களுக்கும் இது வழிகாட்டி. செவ்வாயை நோக்கி 1964-இல் சென்ற மாரினர் 4, தன் நிலையைச் சரிபார்க்க இவ்விண்மீனையே நோக்கிச் சென்றது. கதிரவனின் பாதையிலிருந்து வெகுதொலைவில், அதற்கு ஏறக்குறையச் செங்குத்தான திசையில் இருப்பதும், பிறவற்றோடு மயங்காத ஒளி உடைமையுமே காரணம்.

தொன்மத்தின் பக்கம் திரும்புவோம். வராகமிகிரர் தம் பிருகத் சம்கிதையில் அகத்திய விண்மீனின் தோற்றத்துக்கெனத் தனி இயல் வகுத்துள்ளார். அது விடியலில் எழும் பருவத்தில் நீர்நிலைகள் தெளியும் என்பது பண்டை நம்பிக்கை. தமிழகத்தின் தென்கோடியில் ஆடி மாதத்திலேயே விடியலிற் காணத்தொடங்கும் விண்மீன், வடக்கே செல்லச் செல்ல வாரக்கணக்கில் பிந்தித் தோன்றும். விந்தியத்தைக் கடந்து தெற்கே வந்த முனிவர் கதைக்கும், தெற்கே செல்வோர்க்கு மேலும் மேலும் உயர்ந்து காட்சி தரும் இவ்விண்மீனுக்கும் உறவு உண்டெனக் கருதும் வானியலார் உளர். கடையம், ஆழ்வார்குறிச்சி வட்டாரத்தில் நின்று நோக்குவோர்க்கு அது பொதிகைத் தொடரின் பக்கமாகவே சாய்ந்து மறைகிறது. கதை உண்மையா என்பதைக் கணக்கு மெய்ப்பிக்காது. எனினும் கதை பிறந்த வானத்தைக் கணக்குக் காட்டும்.

மற்றொன்றும் கருதத்தக்கது. புவியின் அச்சு, சுழலும் பம்பரத்தின் தலைபோல் ஏறத்தாழ 26,000 ஆண்டுகளுக்கு ஒருமுறை வட்டமிடுகிறது. அதனால் விண்மீன்களின் உயரம் மாறும். சோழப் பேரரசு எழுச்சி பெற்ற பத்தாம் நூற்றாண்டளவில் அகத்தியம் தன் வடகோடி நிலையை அடைந்தது. அதன்பின் சிறிது சிறிதாகத் தெற்கே இறங்கிவருகிறது. இன்றுவரை இறங்கியது அரைப் பாகை அளவே. ஆயினும் ஏறத்தாழ 12,000 ஆண்டுகளுக்குப் பின் அது தென்துருவத்துக்குப் பத்துப் பாகைக்கும் குறைந்த தொலைவில் சுற்றும். அப்போது பாளையங்கோட்டையில் அது அடிவானத்தை விட்டு மேலெழாது. பொதிகை அன்றும் நிற்கும். அதன் பெயர்கொண்ட விண்மீன் வானில் இராது.

அந்நாள் தொலைவில் உள்ளது. தெருவிளக்குகளின் ஒளிவெள்ளமோ அதனினும் முந்தி விண்மீன்களை மறைத்துவருகிறது. நூல்களில் மட்டும் பெயரைப் படித்துவிட்டு வானில் அதனைக் காணாத தலைமுறை உருவாகாதிருக்க வேண்டும். மாசி மாதத்து இரவொன்றில் பிள்ளைகளைத் தெற்கு நோக்கி நிறுத்தி, சிரியஸுக்குக் கீழே சுட்டிக்காட்டினால் போதும். அதற்குத் தொலைநோக்கி வேண்டா, கண்ணே போதும்.