வீட்டின் அடிமண்
(யூபிலி விழாவில் பங்குத் தந்தை ஆற்றிய உரை)



யூபிலி நாளில் ஆலயத்தின் அஸ்திவாரத்தைப் புகழ்ந்து பேசுகிறோம். நம் வீடுகளின் அஸ்திவாரத்தையும் சற்று எண்ணிப் பார்ப்போம்.

நம் கொடைக்கானல் ஏரி முன்பு சதுப்பு நிலம். 1863-ஆம் ஆண்டில் லெவிஞ் துரை கரையிட்டு அங்கே ஓடைநீரைத் தேக்கினார். தாழ்ந்த இடம் தண்ணீருக்குச் சொந்தம். நாமோ சரிவை வெட்டி, அந்த மண்ணைப் பள்ளத்திலும் ஓடையிலும் கொட்டிச் சமன் செய்து, அதன்மேல் வீடு எழுப்புகிறோம். கொட்டிய மண் இறுகிய மண்ணல்ல. ஐப்பசி, கார்த்திகை மழையைக் குடித்துக் கனத்து, கீழ்நோக்கி நகரும். முதலில் சுவரில் விரிசல் விடும். பிறகு சுவரே விழும்.

மலைமண் இளகினால் நேர்வதைத் திருவண்ணாமலையில் கண்டோம். 2024 டிசம்பர் 1, திருவருகைக் கால முதல் ஞாயிறன்று, புயல்மழையில் மண் சரிந்து அடிவாரத்தில் 7 பேர் மாண்டனர்; அவர்களில் 5 பேர் பிள்ளைகள்.

பங்குக் குருவாகிய நாமும் தவறினோம். புதுமனை மந்திரிக்க அழைத்தபோதெல்லாம் தீர்த்தம் தெளித்தோம்; அடியில் என்ன மண் என்று ஒருமுறையும் கேட்டோமில்லை. இனிக் கேட்போம். கெட்டி மண் வரும்வரை கடைக்கால் தோண்டுங்கள். ஓடைக்கு வழி விடுங்கள். விரிசலைச் சாந்து பூசி மறைக்காதீர்கள். பிள்ளைகளோடு பங்கு இல்லத்துக்கு வந்துவிடுங்கள். நள்ளிரவிலும் கதவு திறக்கும்.

சலேத் மாதா நம் இல்லங்களைக் காப்பாளாக. ஆமென்.