முந்திப் போகும் முன்னே

(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் உறுப்பினர் ஒருவர் பேசியது)



என்னைப் பேசச் சொன்னதும், கடன், சேமிப்பு, சோப்புப் பொடி தயாரிப்பு இதைப் பத்தியெல்லாம் பேசப் போறேன்னு நினைச்சிருப்பீங்க. அதுக்கு நல்லாப் பேசுற அக்காமார் நிறையப் பேர் இருக்காங்க. நான் ரோட்டைப் பத்திப் பேச வந்திருக்கேன். அதிலயும் ஒரே ஒரு விஷயம். முன்னாடி போற வண்டியை நாம எப்படி முந்தணும், எங்கே முந்தவே கூடாது, அவ்வளவுதான்.

இது எதுக்கு நம்ம கூட்டத்துலன்னு கேப்பீங்க. வெளியே மரத்தடியில நிக்கிற ஸ்கூட்டியை எண்ணிப் பாருங்க. பத்து வருஷத்துக்கு முன்னாடி நம்ம கூட்டத்துக்கு எல்லாரும் நடந்தோ பஸ்சுலயோதான் வருவோம். 2018-ல அம்மா இருசக்கர வாகனத் திட்டம் வந்தது. வேலைக்குப் போற பெண்களுக்கு வண்டி விலையில பாதி, அதிகபட்சம் 25,000 ரூபாய் மானியம் கிடைச்சது. அதுல கொஞ்சம் பேர் வாங்கினோம். குழுக் கடன்ல கொஞ்சம் பேர் வாங்கினோம். இப்போ பால் ஊத்தப் போறது, தென்காசி சந்தைக்குப் போறது, பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்துல விடறது, சீசன்ல அருவிக்கரைக் கடைகளுக்கு முறுக்கு, அதிரசம் போடறது எல்லாம் வண்டியிலதான். வண்டி நமக்குக் கால் மாதிரி ஆயிட்டுது. அந்தக் கால் போகிற பாதை எப்படி இருக்குன்னு நமக்குத் தெரியணும்.

நம்ம ரோட்டைப் பாருங்க. திருமங்கலத்துல இருந்து ராஜபாளையம், புளியங்குடி, கடையநல்லூர், தென்காசி, செங்கோட்டை, புளியரை வழியா கொல்லம் போற தேசிய நெடுஞ்சாலை 744. கேரளாவுக்குக் கல்லும் மணலும் ஏத்திட்டுப் போற லாரி, காய்கறி வண்டி, கார்த்திகை மார்கழியில ஐயப்ப சாமிமார் வேன், ஆனி ஆடியில குற்றாலத்துக்கு வர்ற கார், பஸ் எல்லாமே அதுலதான். பல இடத்துல நடுவுல தடுப்புச் சுவர் கிடையாது. போறவனும் வர்றவனும் ஒரே தாருல.

2024 ஜனவரி 28-ஆம் தேதி குற்றாலத்துல குளிச்சிட்டுத் திரும்பின புளியங்குடிப் பையன்கள் ஆறு பேர், சிங்கிலிப்பட்டி பக்கத்துல லாரியோட கார் நேருக்கு நேர் மோதி இறந்து போனாங்க. 2025 நவம்பர் 24-ஆம் தேதி இடைகால் பக்கத்துல ரெண்டு தனியார் பஸ் நேருக்கு நேர் மோதிச்சு. அதுலயும் ஆறு உயிருக்குக் குறையாமப் போச்சு. அதுல நிறையப் பேர் நம்மள மாதிரிப் பொம்பளைங்க. ரெண்டும் ஒரே ரோடுதான். நேருக்கு நேர் மோதுறதுன்னா என்ன அர்த்தம்? ரெண்டுல ஒரு வண்டி தன்னோட பாதியை விட்டு அடுத்தவனோட பாதிக்குப் போயிருக்கு. தூக்கத்துலயும் போவாங்க, வேகத்துலயும் போவாங்க. ஆனா தெரிஞ்சே, நாமளே விரும்பி, எதிராளியோட பாதிக்குள்ள போறது ஒரே ஒரு நேரம்தான். முந்துற நேரம். அதனாலதான் இந்த ஒரு விஷயத்தை மட்டும் எடுத்துக்கிட்டேன்.

முதல்ல சட்டம் என்ன சொல்லுதுன்னு பாப்போம். நம்ம நாட்டுல இடது பக்கமாப் போகணும், வலது பக்கமா முந்தணும். முன்னாடி போறவர் வலது பக்கம் திரும்ப சிக்னல் போட்டு ரோட்டு நடுவுக்கு வந்துட்டார்னா அப்போ மட்டும் இடது பக்கமாப் போகலாம். மத்த நேரம் இடது பக்கமா நுழையறது தப்பு.

நம்ம பொம்பளைங்க அதிகமா அடிபடறது இந்த இடது பக்கத்துலதான். பஸ் மெதுவாகுது, நாம இடது ஓரமா நைசா நுழையறோம். பஸ்ல இருந்து ஆள் இறங்குவாங்க. இல்லன்னா பஸ் இடது பக்கம் திரும்பும். டிரைவருக்கு நாம இருக்கறதே தெரியாது. எங்க குழுவுல ஒரு மதினி இப்படித்தான் ஒரு பஸ்ஸுக்கும் ரோட்டோர மண்ணுக்கும் நடுவுல மாட்டிக்கிட்டாங்க. தாருக்கும் மண்ணுக்கும் நடுவுல அரையடிப் பள்ளம். சக்கரம் அதுல இறங்கி வண்டி சரிஞ்சு கால் எலும்பு முறிஞ்சது. மூணு மாசம் கட்டில்ல. தையல் மிஷின் மூடியே கிடந்தது. அவங்க கடன் தவணையை நாங்க குழுவுல பங்கு போட்டுக் கட்டினோம். பணத்தைக் கட்டிட்டோம், அந்தக் காலை நாங்க கொடுக்க முடியலியே.

சரி, வலது பக்கமா முந்துறதுக்கு எவ்வளவு இடம் வேணும்? இதுக்கு ஒரு கணக்குப் போட்டுக் காட்டுறேன். வட்டிக் கணக்குப் போடற நமக்கு இது பெரிசில்ல. ஒரு பஸ் மணிக்கு 36 கிலோமீட்டர் வேகத்துல போகுது. அப்படின்னா நொடிக்கு 10 மீட்டர். நாம 45-ல போறோம், நொடிக்குப் பன்னிரண்டரை மீட்டர். பஸ்ஸை விட நமக்கு நொடிக்கு ரெண்டரை மீட்டர்தான் கூட. பஸ்ஸோட நீளம் 12 மீட்டர்னு வையுங்க. அதுக்குப் பின்னாடி 14 மீட்டர் தள்ளி வெளியே வரணும், அதைத் தாண்டி 14 மீட்டர் போய்த்தான் திரும்ப இடது பக்கம் சேரணும். மொத்தம் 40 மீட்டர். 40-ஐ ரெண்டரையால வகுத்தா 16 நொடி. அந்த 16 நொடியில நாம ரோட்டுல 200 மீட்டர் ஓடியிருப்போம். எதிர்ல ஒரு கார் 54-ல வந்தா அது 240 மீட்டர் வந்திருக்கும். ரெண்டையும் கூட்டுங்க, 440 மீட்டர். கிட்டத்தட்ட அரைக் கிலோமீட்டர் தூரம் எதிர்ல காலியா, கண்ணுக்குத் தெளிவாத் தெரிஞ்சாத்தான் முந்தணும். "தூரத்துலதானே வர்றான், போயிரலாம்"னு நாம நினைக்கிற தூரம் பெரும்பாலும் இதுல பாதி கூட இருக்காது. கார் 54-லயும் வராது, 80-ல வரும்.

எங்கெல்லாம் முந்தவே கூடாதுன்னு சொல்றேன். பிள்ளைகளுக்கும் சொல்லிக் கொடுங்க.

வளைவுல கூடாது. புளியரை எஸ் வளைவு எல்லாருக்கும் தெரியும். அங்கே லாரி ஊர்ந்து ஏறும், பொறுமை போயிரும். ஆனா எதிர்ல இறங்குற வண்டி திருப்பத்துக்குப் பக்கத்துல வந்தாத்தான் கண்ணுலயே படும். அங்கே முந்தவே வேண்டாம். ரோடு குறுகலா இருக்கிற மலைப் பாதையில ஏறி வர்ற வண்டிக்குத்தான் இறங்குற வண்டி வழி விடணும், அதுவும் சட்டம்தான்.

மேடு ஏறுற இடத்துல கூடாது, உச்சிக்கு அந்தப் பக்கம் என்ன வருதுன்னு தெரியாது. குறுகின பாலத்துல கூடாது. ரோடு சந்திக்கிற இடத்துல கூடாது. ஆள் கடக்கிற வரிக்கோட்டுப் பக்கத்துல கூடாது. ஒரு வண்டி அங்கே நின்னா, அது யாருக்கோ வழி விட்டு நிக்குதுன்னு அர்த்தம். பள்ளிக்கூடத்துக்கு முன்னாடி கூடாது. முன்னாடி போற வண்டியே வேற ஒண்ணை முந்திக்கிட்டு இருந்தா அது வால் பிடிச்சுக்கிட்டுப் போகக் கூடாது. அவருக்கு இடம் இருந்தது, நமக்கு இருக்கும்னு என்ன நிச்சயம்? பின்னாடி வர்றவர் நம்மளை முந்த ஆரம்பிச்சுட்டாலும் நாம வெளியே வரக் கூடாது.

ரோட்டு நடுக்கோட்டையும் பாருங்க. விட்டு விட்டுப் போட்ட கோடுன்னா, எதிர்ல காலியா இருந்தா தாண்டலாம். முழுசா நீளமாப் போட்ட கோடு, வெள்ளையோ மஞ்சளோ, அதைத் தாண்டி முந்தக் கூடாது. ரெண்டு கோடு சேர்ந்து இருந்தா நம்ம பக்கத்துல இருக்கிற கோட்டைப் பாக்கணும். நம்ம பக்கம் விட்டு விட்டு இருந்தாத்தான் நமக்கு அனுமதி.

இப்போ முந்துற முறை. ஒண்ணு, முன்வண்டிக்கு ரொம்ப ஒட்டிப் போகாதீங்க. ஒட்டிப் போனா முன்னாடி ஒண்ணுமே தெரியாது. முன்வண்டி ஒரு மரத்தைத் தாண்டினதும் "ஆயிரத்து ஒண்ணு, ஆயிரத்து ரெண்டு"ன்னு சொல்லுங்க. அதைச் சொல்லி முடிக்கறதுக்குள்ள நாம அந்த மரத்துக்கு வந்துட்டோம்னா ரொம்பப் பக்கத்துல போறோம்னு அர்த்தம். சாரல் விழுந்தா நாலு வரைக்கும் எண்ணணும். ரெண்டு, இரண்டு கண்ணாடியிலயும் பின்னாடி பாருங்க. கண்ணாடியை உள்பக்கம் மடக்கி வச்சிருக்கிற தங்கச்சிமார் தயவு செஞ்சு இன்னைக்கே விரிச்சு வையுங்க. மூணு, வலது இண்டிகேட்டர் போடுங்க. நாலு, வலது தோள் பக்கம் ஒரு தடவை தலையைத் திருப்பிப் பாருங்க, கண்ணாடியில விழாத வண்டி அங்கேதான் இருக்கும். அஞ்சு, ஹாரன் அடிச்சுத் தெரியப்படுத்துங்க. ராத்திரின்னா லைட்டை ஏத்தி இறக்குங்க. ஆறு, தயங்காமப் போங்க, பக்கத்துலயே சேர்ந்து ஓட்டாதீங்க. ஏழு, முந்தின வண்டியோட முகம் முழுசும் நம்ம இடது கண்ணாடியில தெரிஞ்ச பிறகு இடது இண்டிகேட்டர் போட்டுச் சேருங்க. அப்புறம் இண்டிகேட்டரை அணைக்க மறக்காதீங்க. பாதியில சந்தேகம் வந்தா பிரேக் பிடிச்சுப் பழைய இடத்துக்கே வந்துருங்க. அதுல ஒரு கௌரவக் குறைச்சலும் இல்ல.

லாரி விஷயத்துல ஒண்ணு ஞாபகம் வச்சுக்கோங்க. லாரியோட கண்ணாடியில டிரைவர் முகம் நமக்குத் தெரியலன்னா, அவருக்கும் நாம தெரியல.

நம்ம ஊருக்கே உரிய இன்னொரு ஆபத்து காத்து. ஆனி ஆடியில செங்கோட்டைக் கணவாய் வழியா மேகாத்து எப்படி அடிக்கும்னு சொல்லவே வேண்டாம். தென்காசியில இருந்து கடையநல்லூர் பக்கம் போறோம். காத்து இடது பக்கம் இருந்து வருது. லாரியை முந்துறப்போ லாரி காத்தை மறைச்சுக்கும், வண்டி லேசாப் போகும். லாரி மூக்கைத் தாண்டின நொடியில காத்து பட்டுன்னு அடிச்சு நம்மளை வலது பக்கம், எதிர்வண்டி வர்ற பக்கம் தள்ளும். ஸ்கூட்டி கனம் கம்மி. அதனால காத்து நாள்ல பெரிய வண்டியை முந்தாம இருக்கிறதே நல்லது. முந்தித்தான் ஆகணும்னா கைப்பிடியை ரெண்டு கையாலயும் உறுதியாப் பிடிங்க.

சீசன்ல வெளியூர் வண்டிக்காரங்களுக்கு நம்ம ரோடு தெரியாது. மங்குஸ்தான், ரம்புட்டான் கடையைப் பாத்ததும் சடக்குன்னு நிறுத்துவாங்க. குரங்கைப் பாத்தாலும் நிறுத்துவாங்க. கதவைத் திறப்பாங்க. மெயினருவி, ஐந்தருவி, பழைய குற்றாலம் ரோட்டுல சனி ஞாயிறு மெதுவாவே போங்க. அங்கே முந்தி மிச்சமாகிறது ரெண்டு நிமிஷம் கூட இருக்காது.

நம்மளை ஒருத்தர் முந்துறார்னா நாம என்ன செய்யணும்? இடது பக்கம் ஒதுங்கி, அதே வேகத்துல போகணும். வேகத்தைக் கூட்டக் கூடாது, அது சட்டப்படியே தப்பு. "என்னையவா முந்துற?"ன்னு ஒரு ரோஷம் வரும் பாருங்க, அந்த ரோஷத்தை வீட்டுல வச்சுட்டு வரணும். ஆம்புலன்ஸ் சத்தம் கேட்டா உடனே ஒதுங்கணும். வழி விடலன்னா 10,000 ரூபாய் அபராதம். அபராதத்தை விடுங்க, உள்ளே படுத்திருக்கிறது நம்ம வீட்டு ஆளா இருந்தா?

முறை தவறி ஆபத்தா முந்தினா மோட்டார் வாகனச் சட்டம் 184-ஆம் பிரிவுல, முதல் தடவைக்கே ஆறு மாசத்துல இருந்து ஒரு வருஷம் வரை ஜெயில், இல்லன்னா 1,000 முதல் 5,000 வரை அபராதம், ரெண்டும் சேர்த்தும் போடலாம். ஓட்டிக்கிட்டே போன் பேசறதும் அதே பிரிவுதான். ஹெல்மெட் இல்லன்னா 1,000 ரூபாய். பின்னாடி உக்காந்திருக்கறவங்களுக்கும் ஹெல்மெட் வேணும். நாலு வயசுக்கு உட்பட்ட பிள்ளையை வச்சு ஓட்டினா 40 கிலோமீட்டர் வேகத்தைத் தாண்டக் கூடாதுன்னும், பிள்ளைக்கு ஹெல்மெட்டும் பிடிப்பு வாரும் போடணும்னும் விதி இருக்கு.

தாய்மாருக்கு ஒண்ணு தனியாச் சொல்லணும். வண்டி பெரும்பாலும் நம்ம பேர்லதான் இருக்கு. பத்தாவது படிக்கிற பையன் "அம்மா, கடைக்குப் போயிட்டு வந்துருதேன்"னு சாவியை எடுப்பான். பதினெட்டு வயசு ஆகாத பிள்ளை ஓட்டித் தப்பு நடந்தா பெத்தவங்களுக்கும் வண்டி உரிமையாளருக்கும் 25,000 ரூபாய் அபராதம், மூணு வருஷம் வரை ஜெயில். அவனுக்கு வண்டியை நேரா ஓட்டத் தெரியும். முந்தாம இருக்கத் தெரியாது. அந்த வயசுல எதையாவது முந்தணும்னுதான் தோணும். சாவியை நம்ம இடுப்புல வையுங்க.

2022-ஆம் வருஷம் இந்தியாவுல ரோட்டு விபத்துல இறந்தவங்க 1,68,491 பேர். நம்ம தமிழ்நாட்டுல மட்டும் 17,884. இறந்ததுல பத்துக்கு நாலு பேருக்கு மேல இருசக்கர வண்டியில போனவங்க. கடவுள் புண்ணியத்துல நமக்கு அப்படி வேண்டாம். ஆனா ரோட்டுல யாராவது அடிபட்டுக் கிடந்தா பயப்படாம 108-க்குப் போன் பண்ணுங்க. உதவி செஞ்சவங்க மேல வழக்குப் போடக் கூடாதுன்னு சட்டமே பாதுகாப்புக் கொடுக்குது. நம்ம மாநிலத்துல 2021 டிசம்பர்ல தொடங்கின "இன்னுயிர் காப்போம் – நம்மைக் காக்கும் 48" திட்டத்துல, விபத்து நடந்து முதல் 48 மணி நேரச் சிகிச்சைக்குப் பணம் கட்ட வேண்டியதில்ல. திட்டத்துல சேர்ந்திருக்கிற தனியார் ஆஸ்பத்திரியிலயும் உண்டு.

கடைசியா கூட்டமைப்புக்கு மூணு கோரிக்கை வைக்கிறேன். ஒவ்வொரு குழுவுலயும் வண்டி ஓட்டுற உறுப்பினர் எல்லார்கிட்டயும் லைசென்ஸ், இன்சூரன்ஸ் இருக்கான்னு அடுத்த கூட்டத்துலயே பாத்துத் தீர்மான நோட்டுல எழுதணும். வண்டிக் கடன் கொடுக்கிறப்போ ஐ.எஸ்.ஐ. முத்திரை போட்ட ஹெல்மெட் ரெண்டுக்கும் சேர்த்தே கொடுக்கணும். வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்துல இருந்து ஒருத்தரை அழைச்சு நம்ம உறுப்பினருக்கு ஒரு நாள் வகுப்பு நடத்தணும்.

நம்ம குழுவுல ஒருத்தியை விட்டுட்டு ஒருத்தி முன்னுக்குப் போனது இல்ல. எல்லாருமாச் சேர்ந்துதான் இவ்வளவு தூரம் வந்திருக்கோம். ரோட்டுலயும் அப்படியே, பொறுத்துப் போய், எல்லாரும் முழுசா வீடு போய்ச் சேருவோம்.