கட்டியைக் கீறிய பின்



மராத்தி மொழியில் சீழுக்குப் 'பூ' என்று பெயர். இந்தியில் கட்டியைப் 'போடா' என்பர். தமிழகத்திலிருந்து அண்மையில் பம்பாய் வந்து தாராவியில் குடியேறிய ஒருவரிடம், "பூ வருகிறதா?" என்று டாக்டர் மராத்தியில் கேட்டால் அவர் திகைப்பார்; "போடா" என்றாலோ சினம் கொள்ளவும் கூடும்! மொழிபெயர்ப்பையே தொழிலாகக் கொண்ட நமக்கு இது வேடிக்கையாகத் தோன்றினாலும், ஆஸ்பத்திரி வரிசையில் வலியோடு நிற்பவருக்கு இது வேடிக்கையன்று. மராத்தியில் கட்டிக்குக் 'களூ' என்ற சொல்லும் உண்டு. இம்மூன்று சொற்களையும் நினைவில் வைத்துக்கொள்வது நன்று.

ஜூன் முதல் செப்டம்பர் வரை இந்நகரில் மழை ஓய்வதில்லை. உடுத்த துணி உலர்வதில்லை. வியர்வையும் உராய்வும் சேர்ந்து கழுத்திலும் அக்குளிலும் தொடையிடுக்கிலும் கட்டிகள் புறப்படுகின்றன. இதனைச் 'சூடு' என்று சொல்லி இளநீர் பருகுவோர் பலர். இளநீரால் தீங்கில்லை, ஆனால் காரணம் வேறு. ஸ்காட்லாந்தின் அபர்தீன் நகரைச் சேர்ந்த அலெக்ஸாண்டர் ஆக்ஸ்டன் என்ற அறுவை மருத்துவர், 1880-களின் தொடக்கத்தில் கட்டியின் சீழை நுண்பெருக்கியில் நோக்கினார். குலைகுலையாய்த் திரண்டிருந்த கிருமிகளைக் கண்டு, திராட்சைக் குலையைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லால் 'ஸ்டஃபிலோகாக்கஸ்' என்று பெயரிட்டார். இன்றும் பெரும்பாலான தோல் கட்டிகளுக்கு இக்கிருமியே காரணம்.

கட்டியைக் கீறுவதற்கு வேளை பார்க்க வேண்டும் என்பது பழைய அறிவு. பழுக்காத வீக்கம், பழுத்து வருவது, பழுத்தது என்று சுசுருத சம்ஹிதை பிரித்துக் கூறுகிறது. கல்லைப் போல் இறுகியிருக்கும் வரை உள்ளே வடிப்பதற்கு ஒன்றுமில்லை. பொறுக்கக்கூடிய சூட்டில் வெந்நீரில் நனைத்த துணியால் பத்துப் பதினைந்து நிமிடம், நாளைக்கு மூன்று நான்கு முறை ஒத்தடம் கொடுக்கலாம். மையம் மெதுவாகி, தொட்டால் உள்ளே நீர் அசைவது போல் தோன்றினால் வைத்தியரிடம் செல்ல வேண்டும். சுண்ணாம்பும் சோப்பும் குழைத்துப் பற்றுப் போடுவது தோலைப் புண்ணாக்கும். சவர பிளேடும் தையல் ஊசியும் அதனினும் கேடு. பிதுக்கினால் சீழ் வெளியே மட்டுமா வரும்? உள்ளேயும் பரவும்.

தாராவிவாசிகள் 'சோட்டா சயான்' என்றழைக்கும் நகர சுகாதார நிலையம் அப்பகுதியிலேயே உள்ளது. அதன் தாய் நிலையமான லோகமான்ய திலகர் ஆஸ்பத்திரி, 1947-இல் தோன்றியது, சயானில் இருக்கிறது. மாட்டுங்காவிலிருந்தும் அது தூரமன்று. செம்பூரார் கோவண்டியிலுள்ள சதாப்தி ஆஸ்பத்திரிக்குச் செல்லலாம். அங்கே முதலில் மரத்துப்போகும் ஊசி போடுவர். அழற்சியுற்ற தசையில் அம்மருந்து முழுமையாக வேலை செய்வதில்லை. ஆகவே சிறிது வலியை எதிர்பார்த்தே செல்க. பிறகு கீறி, சீழை வடித்து, உள்ளேயுள்ள சிற்றறைகளைக் கலைத்துக் கழுவுவர். குழி பெரிதாயின் கட்டுத்துணித் திரியை உள்ளே வைப்பர்.

"மருந்துக் கடையில் நான்கு மாத்திரை வாங்கினால் போதாதா?" என்பது நம்மவர் கேள்வி. சீழ் நிறைந்த குழிக்குள் இரத்த ஓட்டம் இல்லை. மாத்திரையின் மருந்து அங்கே போதிய அளவு சென்று சேர்வதில்லை. அமெரிக்காவில் 1,200 பேருக்கு மேற்பட்டவர்களிடம் நடந்து 2016-இல் வெளியான ஓர் ஆய்வில், கீறி வடித்து வெற்று மாத்திரை பெற்றோரில் நூற்றுக்கு 74 பேர் அளவில் குணமாயினர். வடித்தலோடு உண்மையான கிருமிக்கொல்லி மருந்தும் பெற்றோரில் 80 பேர் அளவில் குணமாயினர். மருந்துக்கும் பயனுண்டு, ஆனால் பெரும் பங்கு கத்தியினுடையது. மாத்திரை எழுதித் தரப்பட்டால் வலி நின்றதும் பாதியில் விட்டுவிடாது முடிக்க வேண்டும். பாதியில் விடப்படும் மருந்துகளும் கண்டபடி விழுங்கப்படுபவையும் சேர்ந்தே, மருந்துக்கு அடங்காத கிருமிகள் பெருகக் காரணமாகின்றன.

இனி வீட்டுக்கு வந்த பிறகு. தோற்பட்டறையிலும் தையற்கூடத்திலும் நாட்கூலிக்கு உழைப்பவருக்கு ஒரு நாள் இருந்தால் ஒரு நாள் சம்பளம் போயிற்று. எனவே கீறிய மறுநாளே வேலைக்குத் திரும்புவர். கட்டவிழ்த்துப் பார்க்க வரச் சொன்ன தேதியை மறந்துவிடுவர். பெரும்பாலும் இரண்டொரு நாளில் வரச் சொல்வார்கள். அன்று திரியை எடுத்துக் குழியைப் பார்ப்பது, கீறியதற்கு ஈடான காரியம். புண் அடியிலிருந்து மேல்நோக்கி ஆற வேண்டும். மேல்தோல் முந்தி மூடிக்கொண்டால் உள்ளே மீண்டும் சீழ் கட்டும். கூலி போவது ஒரு நாளன்று, பல நாளாகும். முதலாளியிடம் சொல்லி அரை நாள் கேட்டு வாங்குவதே சிக்கனம்.

கைகளைச் சோப்பிட்டுக் கழுவி, கட்டைத் தினமும் மாற்றுக. நனைந்தால் உடனே மாற்றுக. தண்ணீர் நேரம் பார்த்து வரும் வீடுகளில், கொதிக்க வைத்து ஆறிய நீரை மூடிய பாத்திரத்தில் இதற்கெனத் தனியே வைத்திருக்கலாம். மஞ்சளையும் விபூதியையும் குழிக்குள் அடைக்க வேண்டாம். பழைய துணியைப் பையில் கட்டிக் குப்பையில் போடுக. ஒரே அறையில் பலர் உறங்கும் பட்டறைகளில் துண்டு, சவர பிளேடு, படுக்கைத் துணி ஆகியவை பொதுவாக இருந்தால், ஒருவரின் கட்டி வாரத்துக்குள் மூவரின் கட்டியாகிவிடும். சிறிய புண் ஓரிரு வாரத்தில் ஆறிவிடும். பெரியது கூடுதல் நாள் எடுக்கும்.

பிடரியிலோ முதுகிலோ பல வாய்களோடு எழும் கட்டியை நம் பெரியோர் 'ராஜபிளவை' என்று அஞ்சினர். நீரிழிவு உள்ளோருக்கு இது வருவது மிகுதி. கட்டி அடிக்கடி வந்தால் இரத்தத்தில் சர்க்கரையைச் சோதித்தல் அவசியம். மூக்கைச் சுற்றியும் மேலுதட்டிலும் எழும் கட்டியை விரலாலும் தீண்ட வேண்டாம்; ஆசனவாய்ப் பக்கம், மார்பு, உள்ளங்கை ஆகிய இடங்களில் வருவதையும் வீட்டில் வைத்துப் பார்க்கலாகாது. குளிர்சுரம், விரைந்து பரவும் சிவப்பு, தோல் கறுத்தல், புண்ணின் அளவுக்கு மீறிய வலி இவற்றில் எது தோன்றினும், சொன்ன தேதிக்குக் காத்திராமல் அன்றிரவே ஆஸ்பத்திரியின் அவசரப் பிரிவுக்குச் செல்க. சர்க்கரைக்கு உட்கொள்ளும் மாத்திரைச் சீட்டையும் உடன் எடுத்துச் செல்லுங்கள்.