ஆளுநர் இந்திரஜித் குமாரசுவாமியும் நமது பணமும்

(திருகோணமலையில் நடைபெற்ற பொதுக்கூட்டமொன்றில் ஆற்றிய உரை)



காணிப் பிரச்சினையும் மொழிப் பிரச்சினையும் தீராது கிடக்கையில், மத்திய வங்கி ஆளுநர் ஒருவரைப் பற்றித் திருகோணமலையிலே பேசுவானேன் என்று சிலர் என்னை வினவினர். அவர்களுக்கு நான் 2022 ஆம் ஆண்டு மே மாதம் 10 ஆம் நாளை நினைவூட்டுவேன். முதல் நாள் பிரதமர் பதவியைத் துறந்த மகிந்த ராஜபக்ச, கொழும்பிலே இருக்க முடியாமல் நமது துறைமுகத்துக் கடற்படைத் தளத்திலே வந்து அடைக்கலம் புகுந்தார். தளத்தின் வாயிலிலே மக்கள் திரண்டு நின்றனர். நாட்டின் நிதியமைச்சராகவும் இருந்த ஒருவரை அவ்வாறு துரத்தியது எந்தப் படையுமன்று. பெற்றோலுக்கும் எரிவாயுவுக்கும் உரத்துக்கும் கொடுக்க நாட்டிலே டொலர் இல்லாமற் போனமையே துரத்தியது. அந்த நிலை எவ்வாறு வந்தது என்பதை அறிய, கலாநிதி இந்திரஜித் குமாரசுவாமியின் உத்தியோக வரலாறு நல்லதொரு வழி என்று கருதுகிறேன்.

அவர் 1950 இல், மத்திய வங்கி தொடங்கப்பட்ட அதே ஆண்டிலே, பிறந்தவர். தந்தையார் ராஜு குமாரசுவாமி சிவில் சேவையிலும் பின்னர் ஐக்கிய நாடுகள் தாபனத்திலும் பெயர் பெற்றவர். மகன் கொழும்பு றோயல் கல்லூரியிலும், இங்கிலாந்தில் ஹரோ, கேம்பிரிட்ஜ், சசெக்ஸ் ஆகிய இடங்களிலும் கற்றார். இலங்கையின் றக்பி அணிக்குத் தலைமை தாங்கினார். இவ்வளர்ப்பு தம்பலகாமத்து வயல் வரப்பிற்கு வெகு தூரம் என்பதை நான் மறைக்கவில்லை. 1974 முதல் 1989 வரை மத்திய வங்கியிலும் நிதியமைச்சிலும் பணி. பின்னர் 2008 வரை லண்டனில் பொதுநலவாயச் செயலகத்திலே. 2016 ஜூலையில் அவர் 14 ஆவது ஆளுநரானார்.

ஒரு தமிழர் ஆளுநராகிவிட்டார் என்று நம்மிற் பலர் அன்று மகிழ்ந்தனர். அம்மகிழ்ச்சியில் எனக்குப் பங்கில்லை. அவருக்கு முன் அந்த ஆசனத்தில் இருந்த அர்ஜுன மகேந்திரனும் தமிழ்ப் பெயர் கொண்டவர்தாமே! 2015 பெப்ரவரி 27 இல், 100 கோடி ரூபாவுக்குத் திறைசேரி முறி விற்பதாக அறிவித்துவிட்டு, ஆயிரம் கோடிக்கு மேல் ஏற்றுக் கொண்டார்கள். அந்த ஏலத்திலே பெரும் பங்கைப் பெற்றது ஆளுநரின் மருமகனோடு தொடர்புள்ள நிறுவனம். வட்டி ஏறியது. ஊழியர் சேமலாப நிதியத்தின் பணம் அம்முறிகளில் எவ்வாறு போய்ச் சேர்ந்தது என்பதை ஜனாதிபதி ஆணைக்குழு பின்னர் ஆராய்ந்தது. அந்த நிதியத்தின் காவலர் யார்? மத்திய வங்கியே. நமது சீனக்குடா மாவாலையிலே மூடை சுமப்பவனின் முதுமைக்கால அரிசி அந்த நிதியத்திலேதான் இருக்கிறது. ஆகவே ஆளுநரின் குலம் எது, கோத்திரம் எது என்று கேளாதீர்கள். அவரைக் கட்டும் சட்டம் எது என்று கேளுங்கள்.

குமாரசுவாமி செய்தவை சில. 2017 ஜூலையில் அந்த முறி வணிக நிறுவனத்தின் அனுமதி இடைநிறுத்தப்பட்டது. நுண்கடன் கொடுக்கும் நிதிக் கம்பெனிகள் ஆண்டுக்கு நூற்றுக்கு 35 இற்கு மேல் வட்டி வாங்கலாகாது என்ற வரம்பும் அவர் காலத்திலேயே வந்தது. 35 என்பதே கொடிது என்பீர்கள். உண்மைதான், ஆனால் மூதூர்ப் பக்கத்துத் தாய் ஒருத்தி என்னிடம் கொண்டு வந்த கடன் அட்டையைக் கணக்கிட்டுப் பார்த்தபோது, 35 அவளுக்குச் சலுகையாக இருந்திருக்கும்! கடன் கொடுத்தவன் மத்திய வங்கியின் உரிமம் பெற்றவனல்லன். ஆகவே அந்த வரம்பு அவனைத் தொடவில்லை.

ஆயினும் அவர் செய்ய முயன்று முடியாமற் போனதே பெரிது. 1949 ஆம் ஆண்டின் நாணயவிதிச் சட்டத்தின் கீழ், செலவுக்குப் பணம் போதாத அரசாங்கம் திறைசேரி உண்டியலை எழுதி நேரே மத்திய வங்கியிடம் நீட்டலாம். வங்கி புதிய பணத்தைப் படைத்து அதை வாங்கலாம். திறைசேரிச் செயலாளரே நாணயச் சபையிலும் ஓர் உறுப்பினர். கடன் கேட்பவனே கடன் கொடுப்போர் சபையிலும் அமர்ந்திருந்தால், சட்டம் படித்த நாங்கள் அதற்கு என்ன பெயர் சொல்வோம்? இதனை மாற்ற அவர் காலத்திலே சட்டவரைவொன்று ஆயத்தமாயிற்று. 2019 நவம்பரில் ஆட்சி மாறியது. வரைவு கிடப்பிலே போடப்பட்டது. ஆறாண்டுப் பதவியில் மூன்றரை ஆண்டே இருந்து, அவர் டிசம்பரிலே விலகினார்.

அவர் விட்டுச் சென்ற எஞ்சிய இரண்டரை ஆண்டிலே அந்த ஆசனத்தில் மூவர் அமர்ந்தனர்: லக்ஷ்மன், கப்ரால், வீரசிங்க. அவர் விலகிய மாதமே பெறுமதி சேர் வரி 15 இலிருந்து 8 ஆகக் குறைக்கப்பட்டது. வருமானம் விழுந்தது, அச்சு இயந்திரம் எழுந்தது. 2019 முடிவில் மத்திய வங்கி வைத்திருந்த அரசாங்கக் கடன் பத்திரங்கள் 100 பில்லியன் ரூபாவுக்கும் குறைவு. 2021 முடிவில் ஏறத்தாழ 1,400 பில்லியன். அதே காலத்தில் வெளிநாட்டு ஒதுக்கு 7.6 பில்லியன் டொலரிலிருந்து 3.1 ஆகத் தேய்ந்தது. 2021 மே மாதத்தில் இரசாயன உர இறக்குமதிக்குத் தடை வந்தபோது, மண்ணின் நலம் கருதியே என்றார்கள். அந்தப் பெரும்போகத்திலே மஞ்சள் பூத்து நின்ற பயிரின் நடுவே நின்ற நீங்கள், அது மண்ணின் மீது கொண்ட காதலா, டொலர் இல்லாக் கையின் சாட்டா என்பதை என்னை விட நன்கறிவீர்கள்.

2022 ஏப்ரல் 8 இல், பதவியேற்ற மறுநாளே, நந்தலால் வீரசிங்க வட்டி வீதத்தை ஒரே முறையில் 7 சதவீதப் புள்ளிகள் உயர்த்தினார். 12 ஆம் நாள் வெளிநாட்டுக் கடனைத் திருப்ப முடியாது என்று நாடு அறிவித்தது. செப்டம்பரில் பணவீக்கம் 69.8 சதவீதம். வங்கியிலே மகளின் கலியாணத்துக்கென்று காசு வைத்திருந்தவருக்கு அதன் பொருளை நான் விளக்க வேண்டுவதில்லை.

2023 நவம்பர் 14 இல் உயர் நீதிமன்றம், ராஜபக்ச சகோதரர் மூவரோடு முன்னாள் ஆளுநர்கள் இருவரும் பொதுமக்களின் நம்பிக்கைப் பொறுப்பை மீறினர் என்று பெரும்பான்மையாகத் தீர்ப்பளித்தது. ஒரு நீதிவான் மாறுபட்டார். நாம் இழந்ததற்கு நட்டஈடு எதுவும் இல்லை. அதற்குச் சிறிது முன்னர்தான் 2023 ஆம் ஆண்டு 16 ஆம் இலக்கச் சட்டம் நடைமுறைக்கு வந்திருந்தது. அரசாங்கத்தின் பத்திரங்களை மத்திய வங்கி நேரே வாங்குவது தடுக்கப்பட்டது. திறைசேரிச் செயலாளரின் ஆசனம் அகற்றப்பட்டது. குமாரசுவாமியின் காலத்து எண்ணம் வீடு எரிந்த பின்னர் சட்டமாயிற்று. (அச்சட்டம் தந்த சுதந்திரத்தைக் கொண்டு வங்கியார் 2024 தொடக்கத்திலே முதலிற் செய்த காரியங்களில் ஒன்று, தங்கள் சம்பளத்தைத் தாங்களே பெரிதும் உயர்த்திக் கொண்டமை! பாராளுமன்றம் கூச்சலிட்டது. நானும் கைதட்டவில்லை.)

மத்திய வங்கியின் உரிமம் பெற்ற நிதிக் கம்பெனிகளின் பெயர்ப் பட்டியல் பகிரங்கமானது. அதன் தமிழ்ப் பிரதியொன்றை இந்த மேசையிலே வைத்திருக்கிறேன். கிண்ணியாவிலிருந்தும் மூதூரிலிருந்தும் வந்திருக்கும் தாய்மார்கள், கடன் அட்டை வைத்திருந்தால், கூட்டம் முடிந்ததும் போய்விடாமல் இவ்விடத்துக்கு வாருங்கள். உங்களுக்குக் கடன் தந்தவனின் பெயர் அதிலே இருக்கிறதா என்று ஒவ்வொன்றாகப் பார்ப்போம். அட்டை வீட்டிலே இருந்தால், ஞாயிறு காலையில் என் அலுவலகத்துக்குக் கொண்டு வாருங்கள்.